அம்மா காரில் இருக்கும்போது: ஒரு நகைச்சுவைப் படத்தின் வசவுகள் தமிழுக்கு வந்த விதம்

படம் ஒரு அமெரிக்க நகைச்சுவை. கணவரை இழந்த, ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியை ஒருவர், அவருடைய இரண்டு மகன்கள், ஒரு பழைய கார். உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போகிறார்கள். பெரியவன் வக்கீல். சின்னவன் எந்த வேலையிலும் நிலைக்காதவன். இரண்டு பேரும் வாயைத் திறந்தால் கெட்ட வார்த்தைதான். அம்மா ஒரு தப்பான சொல் சொல்வதில்லை. பிள்ளைகளின் இலக்கணத்தைத் திருத்திக்கொண்டே வருகிறார். முடிவுக்குக் கொஞ்சம் முன்னால், அறை தர மறுக்கும் ஒரு விடுதி மேலாளரைப் பார்த்து, படத்திலேயே ஒரே ஒரு முறை, அவர் வாயிலிருந்தும் அந்தச் சொல் வருகிறது. படத்தின் மொத்தச் சிரிப்பும் அந்த ஒரு இடத்துக்காகச் சேர்த்து வைக்கப்பட்டது.

ஒப்பந்தப்படி படத்தின் பெயரையும் நிறுவனங்களின் பெயர்களையும் சொல்ல முடியாது. வசனத்தில் நடந்ததை மட்டும் எழுதுகிறேன்.

என்னிடம் வந்தபோது தமிழ் டப்பிங் ஏற்கெனவே ஒருமுறை முடிந்து, ஓடிடி நிறுவனத்தின் பரிசோதனையில் திரும்பி வந்திருந்தது. லிப் சிங்க், அதாவது உதட்டசைவோடு வசனம் பொருந்துவது சரி, அர்த்தம் சரி, குரல்கள் நன்றாக இருக்கின்றன, ஆனால் சிரிப்பு வரவில்லை என்பது அவர்கள் சொன்ன குறை. குரல் கொடுத்தவர்களை மாற்றாமல் வசனத்தை மட்டும் திரும்ப எழுத வேண்டும் என்று கேட்டார்கள்.

முதல் பிரதியில் என்ன இருந்தது

பழைய பிரதியை ஒரே மூச்சில் படித்தேன். ஆங்கிலத்தில் 'ஃபக்' வந்த இடமெல்லாம் 'முட்டாள்', 'கழுதை', 'நாசமாய்ப் போக' என்று ஏதாவது ஒன்று இருந்தது. இன்னும் சில இடங்களில் அதற்கு நேரெதிராக, ரவுடிப் படத்து அடியாள் பேசுகிற கனத்தில் வசவுகள். எழுதியவர் கை தேர்ந்தவர் என்பது மற்ற வசனங்களைப் பார்த்தாலே தெரிந்தது. அவருக்குக் கொடுத்த உத்தரவுதான் கோளாறு. ஆங்கில வசவுகளை மென்மை, நடுத்தரம், கடுமை என்று பிரித்து, ஒவ்வொன்றுக்கும் எதிரே ஒரு தமிழ்ச் சொல்லைப் போட்டு ஒரு அட்டவணை கொடுத்திருந்தார்கள். அதிலிருந்து எடுத்துப் பொருத்த வேண்டியதுதான் அவர் வேலை.

பட்டியல் போட்டு வசவை ஆள முடியும் என்ற நம்பிக்கை புதிதில்லை. 2015 பிப்ரவரியில் மத்திய தணிக்கை வாரியத்தின் அப்போதைய தலைவர் பஹ்லாஜ் நிஹலானி, படங்களில் வரக்கூடாத சொற்கள் என்று ஒரு பட்டியலை அனுப்பினார். வாரிய உறுப்பினர்களே எதிர்த்ததால் அது நிறுத்தி வைக்கப்பட்டது. தடை போடுவதற்கான பட்டியலும் மொழிபெயர்ப்பதற்கான பட்டியலும் இடறுவது ஒரே இடத்தில்தான். சொல் என்ன என்று பட்டியலுக்குத் தெரியும். அதை யார், யாரிடம், யார் காதுபடச் சொல்கிறார்கள் என்று அதற்குத் தெரியாது. தமிழில் வசவின் கனம் பெரும்பாலும் இந்த மூன்றில்தான் இருக்கிறது. தாய் மகனை 'எருமை' என்றால் அது கொஞ்சல். மருமகன் மாமனாரை அப்படிச் சொன்னால் அந்த வீட்டில் அப்புறம் பேச்சுவார்த்தை இருக்காது.

'அவையல் கிளவி மறைத்தனர் கிளத்தல்' என்கிறது தொல்காப்பியம். சபையில் சொல்லத் தகாத சொல்லை மறைத்துச் சொல்ல வேண்டும் என்பது பொருள். அந்தச் சொல்லே மொழியில் இருக்கக் கூடாது என்று அது சொல்லவில்லை. கேட்கிறவர்கள் யார் என்று பார்த்துக்கொள்ளச் சொல்கிறது. நன்னூல் இதையே இடக்கரடக்கல் என்று பெயர் கொடுத்து, வழக்கின் வகைகளில் ஒன்றாக வைத்திருக்கிறது. இந்தப் படத்தில் சபை என்பது ஒரு கார். பின் சீட்டில் அம்மா உட்கார்ந்திருக்கிறார்.

காதில் விழுமா என்ற கேள்வி

மூலத்தில் மகன்கள் இருவரும் அம்மாவை வைத்துக்கொண்டே அத்தனை வசவையும் கொட்டுகிறார்கள். அம்மா முகம் சுளிப்பதுகூட, வாக்கியத்தில் எழுவாயும் பயனிலையும் ஒட்டாதபோதுதான். ஆங்கிலத்தில் பார்க்கிறவருக்கு இவர்கள் வழக்கமான, கொஞ்சம் வாய் நீண்ட பிள்ளைகள். அதே கனத்தில் தமிழில் வைத்தால் முதல் ஐந்து நிமிடத்திலேயே அவர்கள் வேறு ஆட்களாகிவிடுகிறார்கள், பெற்றவளை மதிக்காதவர்களாக. பார்வையாளர் அம்மாவுக்காக வருத்தப்பட ஆரம்பித்துவிட்டால் அப்புறம் எவ்வளவு நல்ல நகைச்சுவை வந்தாலும் எடுபடாது. தமிழ் வீடுகளில் யாரும் அம்மா முன்னால் கெட்ட வார்த்தை பேசுவதில்லை என்று நான் சொல்ல வரவில்லை. பேசுகிற வீடுகள் உண்டு. ஆனால் திரையில் அதைக் காட்டினால், அந்த வீட்டைப் பற்றி அது ஒரு செய்தி சொல்லிவிடும். மூலப் படம் அந்தச் செய்தியைச் சொல்லவில்லை.

முதல் பிரதி இந்த ஆபத்தை உணர்ந்திருந்தது. அதற்காகத்தான் எல்லாவற்றையும் 'முட்டாள்' ஆக்கிவிட்டது. அதன் பலன், அம்மா பக்கத்தில் இல்லாதபோதும், அண்ணனும் தம்பியும் சட்டையைப் பிடித்துக்கொள்ளும்போதும்கூட அவர்கள் பாடப்புத்தகத் தமிழில் திட்டிக்கொண்டார்கள்.

வசனத் தாளில் வழக்கமாக டைம்கோடு (வசனம் வருகிற நேரம்), பாத்திரம், மூல வசனம், தமிழ் வசனம் என்று கட்டங்கள் இருக்கும். நான் இன்னொரு கட்டம் சேர்த்தேன்: அம்மா காதில் விழுமா? முழுப் படத்தையும் அந்த ஒரு கேள்வியோடு பார்த்துக் கட்டத்தை நிரப்பினேன். கார் ஓடும்போது விழும். அவர் தூங்கும்போது விழாது. பெட்ரோல் பங்க்கில் அவர் கழிப்பறைக்குப் போயிருக்கும்போது விழாது. போனில் பெரியவன் தன் அலுவலகத்தோடு பேசும்போது அரைகுறையாக விழும்.

விழுகிற இடங்களில் எழவு, கருமம், சனியன், கண்றாவி, 'வெளங்கிரும்', 'உருப்பட்ட மாதிரிதான்' என்ற தட்டு. விழாத இடங்களில் அதற்கு மேல் தட்டு. பெட்ரோல் பங்க் காட்சியில் அம்மா கார்க் கதவைச் சாத்திவிட்டு நாலு அடி நடந்ததும், சின்னவன் அதுவரை அடக்கி வைத்திருந்ததையெல்லாம் ஒரே மூச்சில் கொட்டுகிறான். ஆங்கிலத்தில் அந்த இடத்தில் மொழி மாறவே இல்லை. முன்பும் அதேதான், பின்பும் அதேதான். தமிழில் கதவு சாத்துகிற சத்தமே ஒரு சிரிப்பாகிவிட்டது.

மேற்பார்வையாளர் ஒருவர் இதைச் சரியாகவே கேள்வி கேட்டார். மூலத்தில் இல்லாத ஒன்றைச் சேர்க்கிறோமே, இது மொழிபெயர்ப்பா? நெட்ஃப்ளிக்ஸ் போன்ற நிறுவனங்களின் வசனவரி விதிகளிலேயே, வசனத்தைத் தணிக்கை செய்யக்கூடாது, வசவுகளை முடிந்தவரை மூலத்துக்கு உண்மையாகத் தர வேண்டும் என்று இருக்கிறது. அந்த விதியோடு எனக்குத் துளியும் பிணக்கில்லை. எதற்கு உண்மையாக இருப்பது என்பதில்தான் எல்லாமே இருக்கிறது. இவர்கள் அம்மாவிடம் பாசமாக இருக்கிற, ஒருவரை ஒருவர் பொறுக்க முடியாத இரண்டு அண்ணன் தம்பிகள். தமிழில் அப்படிப்பட்டவர்கள் அம்மா முன்னால் ஒரு மாதிரியும் பின்னால் ஒரு மாதிரியும்தான் பேசுவார்கள். பாத்திரம் மாறாமல் இருக்க மொழி மாறியாக வேண்டும். பெட்ரோல் பங்க் காட்சியை மட்டும் தனியாகப் பேசிக் காட்டியதும் அவர் ஒப்புக்கொண்டார்.

எழவும் மயிரும்

இந்தப் படத்தின் 'ஃபக்'கில் பெரும்பகுதி யாரையும் திட்டுவதற்காக வருவதில்லை. வாக்கியத்துக்குத் தாளம் கொடுக்க வருகிறது. பெயர்ச்சொல்லுக்கு முன்னால், வினைக்கு முன்னால், சில சமயம் ஒரு சொல்லைப் பிளந்து நடுவிலேகூட. தமிழ் வாக்கியத்தில் அந்த இடமே கிடையாது. நாம் வசவை விளியாகத்தான் அதிகம் வைப்போம், வாக்கியத்தின் முன்னாலோ கடைசியிலோ: 'டேய் வீணாப்போனவனே', '...பரதேசி'. நடுவில் ஒரு பெயரடையாக வசவைச் சொருகினால் அது மொழிபெயர்ப்பு என்று உடனே தெரிந்துவிடும்.

நடுவில் வந்து தாளம் போடுகிற வேலையைத் தமிழில் செய்யக்கூடிய சொற்கள் கொஞ்சம்தான். மிக வலுவானது மயிர். அது எந்த வேற்றுமையும் ஏற்கும், எந்த வாக்கியத்துக்குள்ளும் நுழையும். 'என்ன மயிருக்கு வந்தே?', 'ஒரு மயிரும் தெரியாது', 'பெரிய மயிராட்டம் பேசாத.' கேள்வியை முறுக்கும், மறுப்பை இறுக்கும், அளவைக் கேலி செய்யும். இத்தனைக்கும் அது திருக்குறளில் கூச்சமில்லாமல் வருகிற சொல். 'தலையின் இழிந்த மயிரனையர் மாந்தர் நிலையின் இழிந்தக் கடை' என்ற 964ஆம் குறள், நிலை தாழ்ந்த மனிதரைத் தலையிலிருந்து உதிர்ந்த மயிர் என்கிறது. இன்று தெருவில் கேட்கிற வசவின் பொருளும் அதற்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. பாலுறவும் இல்லை, தாயும் இல்லை, சாதியும் இல்லை. ஆனாலும் காதில் சுருக்கென்று தைக்கிறது. ஒரு டப்பிங் வசனகர்த்தாவுக்கு இதைவிட உபயோகமான சொல் கிடைப்பது அரிது.

அதற்கு ஒரு தட்டு கீழே எழவு. சாவு வீட்டுச் சொல், அம்மாக்களே சொல்வார்கள். இது சிங்க்குக்கும் கைகொடுத்தது. 'ஃப' ஒலிக்கு மேல்பல் கீழுதட்டைத் தொடும். குளோசப்பில் அது பளிச்சென்று தெரியும். தமிழில் அதே வாயமைப்பில் பிறக்கிற எழுத்து 'வ'. ப, ம இரண்டுக்கும் உதடு முழுக்க மூடிவிடும் என்பதால் அவை பொருந்தாது. ஆகவே முகம் திரை முழுக்க இருக்கிற ஷாட்டில் 'ஃப' விழுகிற பிரேமில் ஒரு 'வ' விழும்படி எழுதினேன். 'வாட் த ஃபக் ஈஸ் ராங் வித் யூ' என்று சின்னவன் அண்ணன் பக்கம் திரும்பிக் கத்துகிற இடம் பழைய பிரதியில் 'உனக்கு என்னடா பிரச்சினை முட்டாளே' என்று இருந்தது. 'என்ன எழவுடா ஆச்சு உனக்கு' என்று மாற்றியதும் 'வு' போய் அந்தப் பல்லில் சரியாக உட்கார்ந்தது. வைட் ஷாட்டிலும், முதுகு தெரிகிற ஷாட்டிலும் இந்தக் கவலையே வேண்டாம், அங்கே மயிர் தாராளமாக வரலாம்.

வெளியே போன சொற்கள்

பழைய பிரதியில் கடுமை என்ற பிரிவில் இருந்த சொற்களைப் பார்த்து எனக்கு உண்மையிலேயே கோபம் வந்தது. ஆங்கிலத்தில் உடலையும் உடலுறவையும் வைத்து வந்த வசவுக்கு எதிராகத் தமிழில் வைத்திருந்தவற்றில் பாதி, ஒரு மக்கள் கூட்டத்தின் பெயர்.

'கேப்மாரி' என்று எல்லோரும் விளையாட்டாகச் சொல்கிறோம். கேப்மாரி என்பது ஒரு சமூகத்தின் பெயர். பிரிட்டிஷ் ஆட்சியின் குற்றப்பரம்பரைச் சட்டம் பிறப்பாலேயே குற்றவாளிகள் என்று முத்திரை குத்திய கூட்டங்களில் அவர்களும் உண்டு. தமிழ்நாடு அரசின் சீர்மரபினர் பட்டியலில் அந்தப் பெயர் இன்றும் இருக்கிறது. 'சண்டாளா' என்பதும் சாதிப் பெயர்தான். பொது இடத்தில் பட்டியல் சாதியினரைச் சாதி சொல்லித் திட்டுவது 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். அமெரிக்காவின் நெடுஞ்சாலையில் போகிற ஒருவன் வாயில் தமிழ்நாட்டுச் சாதியை எதற்குத் திணிக்க வேண்டும்? மூலத்தில் இல்லாத ஒரு வன்மத்தை நாமே சேர்த்துவிடுகிறோம். ஓடிடிக்கு வயது வகைப்பாடு வகுத்த 2021 தகவல் தொழில்நுட்ப விதிகளிலும் 'மொழி' ஒரு அளவுகோல் என்றால் 'பாகுபாடு' தனியாக இன்னொரு அளவுகோல். சாதி, பாலினம், உடற்குறை எல்லாம் அதில் வரும். மென்மையாக்குவதாக நினைத்து வைத்த சொல், மூலத்தைவிடக் கெட்டதாக முடிகிறது.

இன்னொரு சொல்லைப் பற்றியும் சொல்ல வேண்டும். பெரியவன் தம்பியை இரண்டு மூன்று இடங்களில் 'கம்மனாட்டி' என்று திட்டுவதாக இருந்தது. சென்னையில் தினமும் காதில் விழுகிற சொல், யாரும் பொருள் யோசிப்பதில்லை. கைம்பெண்டாட்டி என்பது மருவி வந்தது அது. விதவை என்பதே ஒரு வசவாக இருந்த காலத்தின் மிச்சம். பின் சீட்டில் உட்கார்ந்திருக்கிற அம்மா கணவரை இழந்தவர். அப்பாவின் சாம்பல் இருக்கிற செப்புப் பானை அவர் மடியில் இருக்கிறது. அந்தச் சொல் அந்தக் காருக்குள் வரவே முடியாது.

இவற்றோடு 'நொண்டி', 'பொட்டை', 'அலி' எல்லாவற்றையும் எடுத்தேன். எடுத்ததால் வசனம் வலுவிழந்துவிடும் என்று பயந்தவர்கள் உண்டு. தமிழில் வசவுக்குப் பஞ்சமில்லை. சாபம் என்று ஒரு தனிச் சுரங்கமே இருக்கிறது. 'கட்டையில போறவனே', 'நீ போற வண்டி பஞ்சராக', 'உன் நாக்குல நல்ல வார்த்தையே வராதாடா' என்று நீட்டி முழக்கலாம். சின்னவன் ஆங்கிலத்தில் ஏழெட்டு வசவை அடுக்கி ஒரு டிரக் ஓட்டுநரைத் திட்டுகிற நீண்ட வசனத்துக்கு, வரிசையாகச் சாபங்களை அடுக்கினேன். ஒவ்வொன்றும் முந்தையதைவிடச் சின்னதாகிக்கொண்டே வந்து, கடைசியில் 'உன் காபி ஆறிப்போக' என்று முடியும். மூலத்தில் அந்த வசனம் சிரிக்க வைப்பது அதன் நீளத்தால். அந்த நீளம் தமிழிலும் வந்தது.

வக்கீல் எந்தத் தமிழில் திட்டுவார்

டப்பிங் படங்களில் யாராவது சிரிக்க வைக்க வேண்டும் என்றால் உடனே சென்னைத் தமிழ் வந்துவிடுகிறது. 2019இல் வந்த 'தி லயன் கிங்' தமிழில் பும்பாவுக்கு ரோபோ சங்கரும் டிமோனுக்குச் சிங்கம்புலியும் கொடுத்த குரல் நன்றாகவே எடுபட்டது. காட்டுப்பன்றிக்கும் கீரிக்கும் வர்க்கம் கிடையாது, எந்த ஊர்ப் பேச்சையும் போட்டுக்கொள்ளலாம். மனிதர்களுக்கு அப்படி முடியாது. நகரத்தில் பெரிய நிறுவனத்தில் வேலை பார்க்கிற வக்கீல், கோபம் வந்ததும் 'கசுமாலம்', 'பேமானி' என்று பேசினால், கெட்ட வார்த்தை பேசுவது மீன் மார்க்கெட்டிலும் ஆட்டோ ஸ்டாண்டிலும் மட்டும்தான் என்று நம் சினிமா நெடுங்காலமாகச் சொல்லிவருகிற பொய்க்கு நாமும் ஒத்து ஊதுகிறோம். படித்தவர்கள் திட்டுவதில்லையா? நன்றாகவே திட்டுகிறார்கள், பல சமயம் ஆங்கிலத்தில்.

அதனால் பெரியவனுக்கு ஆங்கில வசவையே விட்டுவிடலாமா என்று யோசித்தோம். நிஜத்தில் அப்படிப்பட்ட ஆள் அப்படித்தான் பேசுவார், உதடும் தானாகப் பொருந்தும். ஆனால் ஆங்கில வசவு தமிழ்க் காதில் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து கேட்கிற சத்தம் போலத்தான் விழுகிறது, புரியும், தைக்காது. தனியாக, தனக்குத்தானே சொல்லிக்கொள்கிற இடங்களில் மட்டும், காபி சட்டையில் கொட்டும்போதும் போன் கீழே விழும்போதும், 'ஷிட்' என்று விட்டேன். தம்பியிடம் பேசும்போது தமிழ். அதிலும் அவனுக்கென்று ஒரு முறை வைத்தேன். கோபம் ஏற ஏறத் தமிழ் சுத்தமாகிக்கொண்டே போகும், நீதிமன்றத்தில் வாதாடுகிற மாதிரி: 'நான் ஒன்றே ஒன்று கேட்கிறேன். உனக்கு மூளை என்ற ஒன்றை ஆண்டவன் என்ன மயிருக்குக் கொடுத்தான்?' சுத்தமான வாக்கியத்துக்கு நடுவில் விழுகிற ஒற்றைச் சொல்லுக்கு இரட்டைக் கனம். சின்னவனுக்கு நேர்மாறாக, ஆரம்பத்திலிருந்தே பேச்சு வழக்கு.

விடுதி மேலாளர் காட்சி

நள்ளிரவு. முன்பதிவு செய்த அறையை வேறு யாருக்கோ கொடுத்துவிட்டு, மேலாளர் புன்னகையோடு விதிமுறைகளை ஒப்பிக்கிறார். மகன்கள் இருவரும் கத்தத் தயாராக நிற்கிறார்கள். அம்மா கையைக் காட்டி அவர்களை நிறுத்துகிறார். மேலாளரின் பெயர்ப் பட்டையைப் படிக்கிறார், நன்றி சொல்கிறார், அதே இனிமையான குரலில் 'யங் மேன், கோ ஃபக் யுவர்செல்ஃப்' என்கிறார். கேமரா அம்மா முகத்தில் குளோசப். கடைசி அசையில் அவர் திரும்பிவிடுகிறார். ஷாட் மேலாளர் முகத்துக்கு வெட்டுகிறது. மூன்று நொடி மௌனம்.

பழைய பிரதியில் 'இளைஞனே, நீ நாசமாய்ப் போ' என்று இருந்தது. யாரும் சிரிக்கவில்லை, சாபம் கொடுக்கிற கிழவியாக அவர் மாறிப்போயிருந்தார். கனமான பாலியல் வசவு ஒன்றை வைத்துப் பார்க்கலாம் என்று ஒரு யோசனை வந்தது. வைத்தால் அதிர்ச்சிதான் மிஞ்சும். இந்த அம்மா மீது இருந்த பிரியம் போய்விடும். ஆசிரியை என்பதால் 964ஆம் குறளையே சொல்ல வைக்கலாமா என்று ஒருவர் கேட்டார். கேட்கச் சுவையான யோசனை. ஆனால் அவர் அமெரிக்கப் பள்ளியில் பாடம் நடத்தியவர். குறள் சொன்ன நொடியில் படம் அவர் கையிலிருந்து எங்கள் கைக்கு வந்துவிடும்.

வழி மரியாதைச் சொல்லில் இருந்தது. படம் முழுக்க இந்த அம்மா முன்பின் தெரியாத எல்லோரையும் 'நீங்க' என்றுதான் பேசுகிறார். வெயிட்டரை, போலீஸ்காரரை, பெட்ரோல் போடும் பையனைக்கூட. முதல் பிரதியில் இது ஒழுங்காக இல்லை. சில இடங்களில் 'நீ', சில இடங்களில் 'நீங்க'. முதலில் அதைப் படம் முழுக்கத் திருத்தினேன். ஆங்கிலத்தில் எல்லோருக்கும் ஒரே 'யூ'. தமிழில் 'நீங்க'விலிருந்து 'நீ'க்கு இறங்குவது ஒரு அடி, 'டா'வுக்கு இறங்குவது இன்னொரு அடி. வேறு எந்தக் கெட்ட வார்த்தையும் இல்லாமலே அது ஒரு ஆளை நிலைகுலைய வைக்கும். தெருச் சண்டைகளில் 'யாரப் பாத்துடா டா போட்டுப் பேசுற?' என்று கேட்பது சும்மா இல்லை. அந்தப் படிகளை இந்த ஒரு காட்சிக்காகச் சேமித்தோம்.

எழுதிய வசனம் இது: 'ரொம்ப நன்றிங்க தம்பி. போய் வேலையப் பாருடா... மயிரு.'

'ஃப' விழுகிற இடத்தில் 'வேலை'யின் 'வே'. 'பாருடா' என்று முடியும்போது அவர் திரும்பிவிடுகிறார். 'மயிரு' மேலாளரின் முகத்தின்மேல் விழுகிறது. அங்கே அம்மாவின் உதடே திரையில் இல்லை, எனவே சிங்க் பார்க்க வேண்டியதில்லை. மூலத்தில் மூன்று நொடி மௌனம். தமிழில் அதில் முதல் அரை நொடியை இந்தச் சொல் எடுத்துக்கொள்கிறது.

குரல் கொடுத்தவர் இந்தத் துறையில் மூத்தவர். வசனத்தைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். சொல்லக் கூச்சப்படுகிறாரோ என்று நினைத்தேன். அவர் கேட்டது வேறு: "தம்பி, இந்தம்மா இதக் கோவத்துல சொல்றாங்களா, மார்க் போடுற மாதிரி சொல்றாங்களா?"

"மார்க் போடுற மாதிரிம்மா."

"அப்ப சத்தம் வேணாம். கொறச்சுச் சொல்றேன்."

குறைத்துத்தான் சொன்னார். பரீட்சைத் தாளைத் திருப்பிக் கொடுக்கிற குரலில், கடைசிச் சொல்லை ஏறக்குறையத் தனக்குள். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினியர் சிரித்துவிட்டதால் அந்த டேக்கை முழுக்கக் கேட்க முடியாமல், திரும்பப் போட்டுக் கேட்டோம். இன்னொரு டேக் எடுக்கவில்லை.

டிவிக்கு ஒரு பிரதி

வேலை முடிகிற நேரத்தில், பிறகு தொலைக்காட்சிக்கு விற்கலாம் என்பதால் சுத்தமான பிரதி ஒன்றும் வேண்டும் என்றார்கள். ஓடிடிக்குத் தணிக்கைச் சான்று தேவையில்லை, நிறுவனமே வயது வகை போட்டுக்கொள்ளும். டிவியில் போட வேண்டுமானால் தணிக்கை வாரியத்தின் சான்று வேண்டும், 'ஏ' சான்று செல்லாது. வழக்கமாக இந்த மாதிரிப் பிரதிகளில் 'பீப்' போடுவார்கள், இல்லாவிட்டால் அந்த இடத்தில் ஒலியை மௌனமாக்குவார்கள். டப்பிங்கில் இரண்டுமே தேவையில்லாத வேலை. குரல் நம் கையில் இருக்கிறது. மாற்று வசனத்தை அதே நாளில், அதே மூச்சில் பதிவு செய்துகொண்டால் போதும். பின்னால் தனியாக வந்து பேசினால் குரலின் சூடு ஒட்டாது.

அம்மா முன்னால் பேசுகிற காட்சிகளில் மாற்றவே வேண்டியிருக்கவில்லை. எழவும் கருமமும் குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கிற வரவேற்பறையிலும் செல்லும். பெட்ரோல் பங்க் மாதிரியான காட்சிகளில் மயிர் வருகிற இடங்களை எழவால் நிரப்பினோம். கதவுச் சத்தத்தின் சிரிப்பு பாதியாகிவிட்டது என்பது வருத்தம்தான்.

விடுதிக் காட்சியில் கடைசிச் சொல்லை மட்டும் எடுத்தோம். 'ரொம்ப நன்றிங்க தம்பி. போய் வேலையப் பாருடா.' மேலாளர் முகம், மூலத்தில் இருந்த மாதிரியே மூன்று நொடி மௌனம். அதைப் பார்த்த எல்லோரும் அங்கேயும் சிரித்தார்கள். கெட்ட வார்த்தை என்று சொல்ல ஒன்றுமே இல்லாத அந்த வரியில், அத்தனை நேரம் கட்டிக்காத்த மரியாதை ஒரு 'டா'வில் உடைகிறது. அந்தப் பிரதியைக் கேட்டபோதுதான், படம் முழுக்க 'நீங்க'வைத் திருத்தியதில் செலவான நேரம் வீணில்லை என்று உறுதியானது.

சரியாக வராத இடம்

ஒரு காட்சி கடைசிவரை பிடிபடவில்லை. சின்னவன் ஒரு கடையின் பெயர்ப் பலகையைப் படிக்கிறான். அதில் ஒரு எழுத்து விழுந்துபோயிருப்பதால் கடைப்பெயர் உடலுறுப்பின் பெயராகிறது. பலகை திரையில் ஆங்கிலத்திலேயே தெரிகிறது. அதை மாற்ற முடியாது. தமிழில் சிலேடைக்கு வளமான மரபு உண்டு, காளமேகத்தையே அதற்குச் சொல்வோம். ஆனால் கண்ணுக்கு ஒரு மொழியும் காதுக்கு ஒரு மொழியும் இருக்கும்போது சிலேடை நிற்பதில்லை. விளக்கினால் சிரிப்பு செத்துவிடும், விளக்காவிட்டால் ஆங்கிலம் படிக்காதவர் வெளியே நிற்பார். பலகையை விட்டுவிட்டு, அண்ணன் முகம் போகிற போக்கைப் பார்த்துத் தம்பி 'வாயில வருது, ஆனா அம்மா இருக்காங்க' என்று சொல்வதாக வைத்தேன். அந்த இடம் சும்மா கடந்து போகிறது, அவ்வளவுதான். மூலத்தில் இருந்த சிரிப்பு அதில் இல்லை. இதே பலகையை வேறு யாராவது நல்லபடியாகத் தாண்டியிருந்தால், எப்படி என்று கேட்டுத் தெரிந்துகொள்ள விரும்புகிறேன்.